மூன்றாம் ஓலை

உங்கள் கைப்பேசிக்கும் வந்திருக்கும். திறந்தால் பூ கொட்டும், நாதஸ்வரம் ஊதும், அப்புறம்தான் எழுத்து வரும். எங்கள் கோயில் பங்கில் நடக்கப்போகும் ஒரு கல்யாணத்தின் பத்திரிகை. போன வாரம் மருமகள் எனக்குப் படித்துக் காட்டினாள். அதில் எல்லாருமே "உயர்திரு", எல்லாருமே "அவர்கள்". போன பொங்கலுக்குப் பிறந்த குழந்தைகூட "செல்வன்". "இவ்ளோ பெரிய பெரிய பட்டம்லாம் எதுக்கு அத்தை, இடம்தான் அடைக்குது" என்றாள் மருமகள். அவள் சொன்னதில் தப்பில்லை. அவளுக்கு அது இடத்தை அடைக்கிறது. எனக்கு அது தொண்டையை அடைக்கிறது. நம் வயதுக்காரர்களுக்குத்தான் இதைச் சொல்ல முடியும். அதனால் உங்களிடம் சொல்கிறேன். அந்த "அவர்கள்" என்ற ஒரு வார்த்தைக்காக எங்கள் வீட்டில் ஒரு கல்யாணமே நிற்கப் பார்த்தது.

அந்தக் கோடை எனக்கு வாசனையாகத்தான் திரும்பி வருகிறது. அச்சு மை வாசனை. அப்பாவின் தங்கை, என் அத்தை, பாண்டிச்சேரியில் ஒரு அச்சகத்தில் பைண்டிங் பிரிவில் வேலை பார்த்தாள். வில்லியனூர் ஸ்டேஷனுக்கு மூன்று மைல் நடந்து, காலை ரயிலைப் பிடித்துப் போவாள். அங்கே அவளுக்கு வேலை கல்யாணப் பத்திரிகை மடிப்பது. சாயங்காலம் வரும்போது அவள் விரல் நுனியெல்லாம் பொன் பொடி ஒட்டியிருக்கும். அந்த விரலால் என் கன்னத்தைக் கிள்ளுவாள். ராத்திரிச் சாப்பாடு வரைக்கும் கன்னத்தைக் கழுவமாட்டேன்.

அச்சு நகர்ந்துபோன கழிவுப் பத்திரிகைகளை முதலாளி அவளை எடுத்துக்கொள்ளச் சொல்லியிருந்தார். எழுத்து ஒன்றின்மேல் ஒன்று ஏறியிருக்கும், பிள்ளையார் பாதி விளிம்புக்கு வெளியே போயிருப்பார், சில சமயம் மாதாவுக்கு முகமே விழுந்திருக்காது. எனக்கு அதெல்லாம் புதையல். ஒரு பிஸ்கட் டப்பா நிறைய வைத்திருந்தேன். திறந்தால் மையும் பசையும் கலந்து ஒரு மணம் வரும், லேசாகத் தலை சுற்றும். அந்த டப்பா எந்தப் புயலில் போனதென்று இன்றுவரை தெரியவில்லை. போன பொருள்களில் அதற்கு மட்டும்தான் நான் இன்னும் ஏங்குகிறேன்.

சாயங்காலம் அத்தை ஒரு விளையாட்டு நடத்துவாள். பத்திரிகையைக் கையில் பிடித்து, பாகவதர் குரலில் எங்களைக் கூப்பிடுவாள். "மாட்சிமை தங்கிய மூக்கொழுகி அவர்களே, வருக! தெருப்புழுதி திலகம், திருநிறைச்செல்வி பேன்தலைச்சி அவர்களே, வருக!" பேன்தலைச்சி நான்தான். அழுதுகொண்டே சிரிப்பேன். தாத்தா வாசலில் மண்வெட்டியைச் சுரண்டிக்கொண்டே இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருப்பார்.

"யப்பா, ஒன் பேரையும் ஒரு நாளு இப்டி படிக்க வெக்கிறேன் பாரு" என்பாள்.

"வேணாம்மா. பேரு கனத்துப்போயி தூக்கமுடியாம பூடும்."

தாத்தாவுக்கு ஒரு அர்ச்சிஷ்டவரின், அதாவது ஒரு புனிதரின் பெயர். அதை இங்கே சொல்லமாட்டேன். சொன்னால் பின்னால் ஒரு வார்த்தை சேர்த்தாக வேண்டும், அதற்கு இன்னும் நேரம் வரவில்லை. மேலத் தெருக்காரர்களின் நிலத்துக்கெல்லாம் அவர்தான் தண்ணீர் கட்டுவார். எந்த மடையை எப்போது திறப்பது, எந்த வரப்பில் நண்டு வளை போட்டிருக்கிறது என்பதெல்லாம் அவருக்குத்தான் தெரியும். என்னோடு இரண்டாம் வகுப்பில் படித்த மேலத் தெருப் பையன் அவரைப் பேர் சொல்லி "டேய்" போட்டுக் கூப்பிடுவான். "தோ வந்துட்டேன் சாமி" என்று தாத்தா ஓடுவார். எனக்குக் கோபம் வந்ததா என்றால், இல்லை. "டேய்" என்பது தாத்தா பெயரின் முன்பாதி என்றுதான் நான் நினைத்திருந்தேன்.

எங்கள் கோயில் ஒரு கிளைக் கோயில். ஞாயிறுதோறும் பெரிய பங்கிலிருந்து பாதிரியார், எங்கள் பேச்சில் சாமியார், வந்து பூசை வைப்பார். மற்ற நாளெல்லாம் கோயில், ஜெபம் நடத்தும் உபதேசியார் கையில். அவர் எங்கள் கீழத் தெருக்காரர், எங்களுக்கு மாமா முறை. கோயிலில் முன்பக்கம் மேலத் தெரு உட்காரும், தூணுக்குப் பின்னால் நாங்கள். அப்போதுதான் லத்தீன் போய் தமிழ்ப் பூசை வந்திருந்தது. அதுவரைக்கும் யாருக்கும் எதுவும் புரியாது. அதில் மேலத் தெரு கீழத் தெரு என்ற பாகுபாடே கிடையாது. கல்யாண ஓலை மட்டும் எப்போதும் தமிழில்தான் வாசிப்பார்கள். ஆனால் சுற்றிலும் லத்தீன் ஓடிக்கொண்டிருந்தபோது அதையும் யாரும் காது கொடுத்துக் கேட்டதில்லை. எல்லாம் தமிழான பிறகுதான் ஓலையும் காதில் விழ ஆரம்பித்தது.

ஓலை என்றால் உங்களில் நம் சபைக்காரர்களுக்குத் தெரியும். கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு, இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம் என்று கோயிலில் வாசிப்பது. தடை ஏதாவது தெரிந்தால் சொல்லுங்கள் என்று சபையைக் கேட்பது. பேர்தான் ஓலை, வாசிப்பது உபதேசியாரின் பழுப்பேறிய நோட்டிலிருந்து. அந்த நோட்டில் இரண்டு வகை ஓலை உண்டு. மேலத் தெருப் பெண் என்றால், "நமதூர் மேலத் தெருவில் வசிக்கும் பெரும் விவசாயி திருவாளர் இன்னார் அவர்களின் சிரேஷ்ட புத்திரி" என்று ஆற அமர நடந்து வரும். எங்கள் தெருவென்றால், "கீழத் தெரு இன்னான் மகள்". அவ்வளவுதான். அது தும்மல் மாதிரி முடிந்துவிடும்.

உயிர்ப்புத் திருநாளான ஈஸ்டர் முடிந்து இரண்டு வாரத்தில் அத்தைக்கு முதல் ஓலை வாசித்தார்கள். மாப்பிள்ளை செலியமேடு, ரைஸ்மில்லில் வேலை. அதே ஞாயிறு ஒரு மேலத் தெருப் பெண்ணுக்கும் ஓலை. முதலில் அது நடந்து வந்தது, பின்னாலேயே இது தும்மியது. அத்தை என் பக்கத்தில் முக்காட்டோடு உட்கார்ந்திருந்தாள். என் கையைப் பிடித்திருந்த அவள் விரல்கள் இறுகின. எனக்கு வலித்தது. அவளுக்கு வெட்கம் என்று நினைத்துக்கொண்டேன்.

வியாழக்கிழமை என்னையும் கூட்டிக்கொண்டு கோயிலுக்குப் போனாள். உபதேசியார் பீடத்தில் உருகி வழிந்த மெழுகைச் சுரண்டி உருண்டை பிடித்துக்கொண்டிருந்தார்.

"மாமா, அடுத்த ஓலையில எங்கப்பா பேருக்குப் பின்னால 'அவர்கள்' போட்டு படிங்க."

"இது நான் எழுதுன நோட்டு இல்லம்மா. எனக்கு மின்னாடி இருந்தவரு எழுதுனது. நான் படிக்கிறேன், அவ்ளோதான்."

"எழுதுனவரு மண்ணுக்குள்ள போயிட்டாரு. படிக்கிற வாயி ஒங்களுதுதான?"

அவர் மெழுகை உருட்டிக்கொண்டே இருந்தார். "நான் ஒரு வார்த்தைய கூட்டிப் படிச்சன்னு வை. மின்னால குந்தினுகிறவங்க திரும்பிப் பாப்பாங்க. மறுநாளு ஒங்கப்பன் தண்ணி கட்டப் போனா, மடைய வேற ஒருத்தன் தொறந்துகினு இருப்பான். தேவையா நமக்கு?"

அத்தை இடுப்பிலிருந்து ஒரு கழிவுப் பத்திரிகையை எடுத்தாள். "இத்த பாருங்க. டவுன்ல சைக்கிளுக்குப் பஞ்சர் ஒட்டுறவரு. அவருக்கே போட்டுக்கிறாங்க. நாளெல்லாம் ஊராம்பூட்டு 'அவர்கள்'ள மடிச்சி மடிச்சி என் வெரலு தேஞ்சிப்போச்சி மாமா. எங்கப்பாவுக்கு ஒண்ணே ஒண்ணு கேக்கறேன்."

அவர் மெழுகு உருண்டையை என் கையில் வைத்து, "விளையாடு" என்றார். சூடு ஆறாமல் இருந்தது.

இரண்டாம் ஞாயிறு. ஓலை அதே மாதிரி தும்மியது. "தடை ஏதேனும் அறிந்தவர்கள் சொல்லக் கடவார்கள்" என்று சொல்லிக்கொண்டே உபதேசியார் நோட்டை மூடினார். அந்தக் கேள்விக்கு யாரும் எழுந்ததாகச் சரித்திரமே கிடையாது. அத்தை எழுந்தாள்.

"தடை இருக்கு."

ஓலைவிசிறிகள் எல்லாம் ஒரே நேரத்தில் நின்றன. காற்று போய் கோயிலே குப்பென்று வியர்த்தது இப்போதும் என் கழுத்தில் தெரிகிறது. சாமியார் திரும்பி, "என்னம்மா தடை?" என்றார். "எங்கப்பா பேர…" என்று ஆரம்பித்தாள். அதற்குள் சபை இரைந்தது. பெண்கள் வாயில் கைவைத்தார்கள், யாரோ அவள் முந்தானையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தார்கள். மீதி வாக்கியம் யார் காதிலும் விழவில்லை. பூசை முடிந்து சாமியாரிடம் அவள் முழுசாகச் சொன்னாள். அவர், "அதெல்லாம் தடையாகாதம்மா, அவரவர் வழக்கம்" என்று சொல்லி வண்டியேறிவிட்டார்.

ஊருக்கு அந்த விளக்கம் தேவையும் இல்லை. தன் ஓலையில் தானே எழுந்து தடை என்று சொல்லும் பெண்ணிடமிருந்து ஊர் எதிர்பார்த்தது ஒரே ஒரு வாக்கியத்தைத்தான். அதை ஊரே அவளுக்காகத் தயார் செய்து வைத்திருந்தது. "டவுன்ல எவனோ கீறான்." "பிரஸ்ஸு கிஸ்ஸுன்னு ரயிலேறும்போதே நெனைச்சன்." அத்தை வீடு வீடாகப் போய் விளக்கினாள். கேட்டவர்கள், "ஒரு வார்த்தைக்காவா? எங்களுக்கு காது குத்தாத" என்றார்கள். அவள் எவ்வளவு சொன்னாளோ அவ்வளவுக்கு அந்த இல்லாத ஆளுக்குக் கைகால் முளைத்தது. செவ்வாய்க்கிழமைக்குள் அவனுக்கு மீசைகூட இருந்தது.

செலியமேட்டிலிருந்து சொல்லியனுப்பினார்கள், கல்யாணத்தை நிறுத்திவையுங்கள் என்று. அப்பா அவளுடைய சாப்பாட்டுத் தூக்கைச் சுவரில் அடித்து நெளித்தார், இனி வேலைக்குப் போகக்கூடாது என்று. எனக்கும் அவள்மேல் ஆத்திரம். கல்யாணத்துக்கென்று எனக்கு ரோஸ் நிறப் பாவாடை தைக்கக் கொடுத்திருந்தது, அது அந்தரத்தில் நின்றது. அம்மா மட்டும் ஒன்றும் பேசாமல் அவளுக்குத் தலை வாரிவிட்டாள். அம்மாவும் ஊரோடு சேர்ந்து சந்தேகப்படுகிறாள், அதனால்தான் பேசவில்லை என்று அப்போது நினைத்தேன்.

தாத்தா ஒரே ஒருமுறை பேசினார். "எனக்கு எதுக்கும்மா அதெல்லாம்? நான் எப்பனா கேட்டனா?"

"நீ கேக்கமாட்ட. அதான் நான் கேட்டேன்."

"போதும்மா. நல்லபடியா போயி சேரு. பேருதான? காத்தோட பூடும்."

"போவட்டும். போவறப்ப முழுசா போவட்டும்பா."

புதன்கிழமை உச்சி வெயிலில் மாப்பிள்ளை சைக்கிளில் வந்தார். பெரியவர்கள் யாரும் இல்லாமல், தனியாக. தலையெல்லாம் தவிட்டுத் தூசு. குளத்தோரப் புங்க மரத்தடியில் நின்று பேசினார்கள்; காவலுக்கு என்னை அனுப்பினாள் அம்மா. புங்கம்பூ கீழே பாய் விரித்ததுபோல் கிடந்தது. மிதித்தால் சத்தமே வராது. வெயிலில் குளம் நடுங்கிக்கொண்டிருந்தது. அன்று நான் பார்த்தது கனவா என்று பல தடவை யோசித்திருக்கிறேன், ஆனால் பேச்சு அப்படியே நினைவிருக்கிறது.

"நேராவே கேட்டுர்றேன். வேற யாருனா கீறாங்களா?"

"கீறாரு."

அவர் கை சைக்கிள் மணியின்மேல் இருந்தது. அது தானாகவே ஒருமுறை கிணுங்கியது. "யாரு?"

"எங்கப்பா."

பிறகு அத்தை எல்லாவற்றையும் சொன்னாள். பத்திரிகை, நோட்டு, தும்மல், மெழுகு. அந்த வாரத்தில் முதல்முறையாக ஒரு ஆள் குறுக்கே பேசாமல் அவளைக் கேட்டார்.

"எங்க ஊர்லயும் ரெண்டு ஓலை படிச்சாங்க" என்றார் கடைசியில். "எங்கப்பா பேர எப்டி படிச்சாங்கன்னு ஞாபகமே இல்ல. ஒம்பேரு எப்போ வரும்னு கேட்டுகினு இருந்தேன்."

அத்தைக்கு முகம் சிவந்தது. ஆனாலும் விடவில்லை. "மூணாவதுலயும் மொட்டையா படிச்சாங்கன்னா மறுபடியும் எழுந்து நிப்பேன்."

"அப்ப கல்யாணம்?"

"கல்யாணம் இல்ல."

அவர் தலையிலிருந்து தவிட்டைத் தட்டினார். "சரி. ஞாயித்துக்கெழம நான் இங்கியே பூசைக்கு வரேன். எங்க வூட்ல நான் பேசிக்கிறேன்" என்று சைக்கிளேறிவிட்டார்.

அது மே மாதம், மாதாவுக்கென்று ஒதுக்கிய வணக்க மாதம். தினமும் பொழுது சாயும்போது கோயிலில் ஜெபமாலையும் பிரார்த்தனையும். உபதேசியார் மாதாவின் பெயர்களை ஒவ்வொன்றாக ராகம் இழுத்துச் சொல்வார். சொல்லி முடிக்கும்போது குரலைத் தூக்கி நிறுத்துவார். பிள்ளைகள் நாங்கள் "எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்" என்று கத்துவோம். பாதித் தூக்கத்திலும் வாய் அதைச் சரியாகச் சொல்லும். அவர் குரல் தூக்கினால் எங்கள் வாய் திறக்கும், அப்படிப் பழகிவிட்டது.

மூன்றாம் ஞாயிறு கோயில் கொள்ளாத கூட்டம். அத்தை இரண்டாம் தடவை எழுவாளா என்று பார்க்க வந்த கூட்டம். மாப்பிள்ளை ஆண்கள் பக்கம் தூணோரமாக நின்றார். தாத்தா வழக்கம்போல எல்லாருக்கும் கடைசியில், வாசலை ஒட்டிக் குந்தியிருந்தார். உபதேசியார் நோட்டை விரித்தார். "கீழத் தெரு" என்றார். அப்புறம் தாத்தாவின் பெயரைச் சொன்னார். தும்மல் மாதிரி இல்லை. ஒவ்வொரு எழுத்தாக, பிரார்த்தனை ராகத்தில் இழுத்து, கடைசியில் குரலைத் தூக்கி, நிறுத்திவிட்டார்.

நிறுத்தியவர் தொடரவில்லை.

பாவி நான், பழக்க தோஷம், அந்த மௌனத்தில் உரக்கச் சொன்னேன்: "எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்!"

கொல்லென்று சிரித்தார்கள். மேலத் தெரு ஆண்களில்கூட இரண்டுபேர் சிரித்ததைப் பார்த்தேன். எனக்கு உடம்பெல்லாம் கூசியது. அந்தச் சிரிப்பில் எதுவோ இளகியது. சிரிப்பு அடங்குவதற்குள் எனக்குப் பின்னாலிருந்து ஒரு குரல், மெதுவாக, தெளிவாக, "அவர்கள்" என்றது. அம்மாவின் குரல். ஒரு வாரமாக வாய் திறக்காத அம்மா. தூணோரத்திலிருந்து மாப்பிள்ளை "அவர்கள்" என்றார். பிறகு அது தூணுக்குப் பின்னால் இருந்த அத்தனை வாயிலிருந்தும் வந்தது, கிழவர்கள், கைப்பிள்ளைக்காரிகள், மீசை வைத்த காதலனைக் கற்பித்த அதே வாய்கள். அந்த "அவர்கள்" கூரை ஓட்டில் பட்டுத் திரும்பி வந்தது. அத்தை எழவில்லை. முக்காட்டுக்குள் அழுதுகொண்டிருந்தாள்.

உபதேசியார், "மகள்" என்று விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார்.

பயத்தில் அவருக்குத் தொண்டை அடைத்துவிட்டது, சபை காப்பாற்றியது என்றுதான் ஊர் பேசியது. நானும் ரொம்ப நாள் அவரைத் தொடைநடுங்கி என்றே நினைத்திருந்தேன். மேலத் தெருக்காரர்கள் கேட்டதற்கு அவர் நோட்டை விரித்துக் காட்டினார்: "பாத்துக்கங்க சாமி. நோட்டுல இருக்கறதுக்கு மேல ஒரு எழுத்து நான் படிக்கல." உண்மைதான், படிக்கவில்லை. தன்னால் சொல்ல முடியாத வார்த்தைக்கு அவர் இடம் மட்டும் விட்டிருந்தார். இது எனக்குப் புரிய எத்தனை வருஷம் ஆயிற்று! அதற்குள் அவர் போய்விட்டார். அவர் கல்லறையில் நான் ஒரு மெழுகுத்திரி ஏற்றியதோடு சரி.

கல்யாணம் நடந்தது. ரோஸ் பாவாடை இடுப்பில் நிற்கவில்லை, ஊக்கு குத்திக்கொண்டு திரிந்தேன். தாத்தாவை இரண்டு வாரம் யாரும் தண்ணீர் கட்டக் கூப்பிடவில்லை. புதிதாகப் போனவனுக்கு நண்டு வளை தெரியாமல் வரப்பு உடைந்து, கடைமடை நிலம் வெடித்தது. பிறகு கூப்பிட்டார்கள், "டேய்" போட்டுத்தான். அதெல்லாம் ஒரு ஞாயிற்றில் மாறுமா? ஆனால் எங்கள் தெருவுக்கு ஓலை வாசிக்கும்போதெல்லாம் உபதேசியார் அப்பன் பெயரோடு நிறுத்துவார், நாங்கள் சேர்ந்து முடிப்போம். வருஷக்கணக்காக அப்படியே நடந்தது. சம்பந்தம் செய்ய வந்த வெளியூர்க்காரர்கள், அது எங்கள் கோயில் சடங்கு என்று நினைத்துத் தாங்களும் சேர்ந்து சொன்னார்கள். அத்தை இன்னும் செலியமேட்டில் இருக்கிறாள், பல் போய், நாக்கு மட்டும் போகாமல்.

ஒன்றை இவ்வளவு நேரம் சொல்லாமல் வைத்திருந்தேன். அன்று பிள்ளைகள் நாங்கள் அதைப் பார்த்து வயிறு வலிக்கச் சிரித்தோம்; ஒரு மாதம் தாத்தாவைப்போல் நடித்துக் காட்டி விளையாடினோம். அந்தச் சிரிப்புக்கு நான் இன்னும் பாவசங்கீர்த்தனம் செய்யவில்லை.

தன் பெயரும் அதன் பின்னால் அத்தனை பேர் குரலில் "அவர்கள்" என்பதும் காதில் விழுந்ததும் தாத்தா திரும்பிப் பார்த்தார். தன் பெயருள்ள அந்தப் பெரிய மனிதர் யார், எப்போது வந்தார் என்று. அவருக்குப் பின்னால் வாசல்தான் இருந்தது. வாசலுக்கு அப்பால் வெயில், அந்த வெயிலில் ஒரு ஆடு. யாரையும் காணவில்லை. தாத்தா பக்கத்தில் வைத்திருந்த தலைத்துண்டை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு, வருகிறவர் உட்காரட்டும் என்று ஒரு ஆள் அளவுக்குத் தள்ளி உட்கார்ந்தார். பூசை முடியும்வரை அந்த இடம் காலியாகவே இருந்தது.